கையேட்டின் நாணயம்

வழிகாட்டி நூல்களையும் தகவல் அகராதிகளையும் விமர்சனத்துக்கு எடுத்துக்கொள்வது வீண் வேலை என்று நினைப்பவர்கள் நம்மிடையே உண்டு. கவிதையோடு சண்டை போடலாம். நாவலோடு போடலாம். ஓர் ஊரில் எந்தக் கட்டடம் எந்த வருஷம் எழுந்தது, அது கடைவீதியிலிருந்து எத்தனை தூரம் என்று சொல்லும் புத்தகத்தோடு என்ன சண்டை? அது வெறும் தகவல்தானே? இந்த 'வெறும் தகவல்தானே' என்பதோடுதான் சண்டை.

நாவலாசிரியன் தான் சொல்லப்போவது கட்டுக்கதை என்று ஒப்புக்கொண்டுதான் நம்மிடம் வருகிறான். அதனால் அவனிடம் நாம் விழிப்போடு இருக்கிறோம். எந்த இடத்தில் அவன் பொய்யாகிறான் என்று பக்கத்துக்குப் பக்கம் கண்காணிக்கிறோம். கையேட்டின் முன் இந்த விழிப்பு நமக்கு இல்லை. அதற்கு ஆசிரியன் என்று ஒருவன் இருப்பதே நினைவுக்கு வருவதில்லை. ஊரே தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்வதுபோல் அது பேசுகிறது. ஆசிரியனற்ற குரல் என்று எதுவும் கிடையாது என்பது இலக்கியத்தில் நமக்குப் பாலபாடம். கையேட்டைத் திறந்ததும் அந்தப் பாடத்தை மறந்துவிடுகிறோம்.

இதைப் பொத்தாம் பொதுவாகச் சொல்லிக்கொண்டிருப்பதில் பிரயோஜனமில்லை. ஒரே ஓர் ஊரை எடுத்துக்கொள்கிறேன்: இங்கிலாந்தின் மேற்கே, ஏவன் நதிக்கரையில் இருக்கும் துறைமுக நகரமான பிரிஸ்டல். அந்த ஊரையும் அதன் சுற்றுவட்டாரத்தையும் பற்றி வந்துள்ள சரித்திரங்கள், வழிகாட்டிகள், அகரவரிசைத் தொகுதிகள், ஆண்டுக் குறிப்புகள், கட்டடப் பட்டியல்கள் ஓர் அலமாரியை நிரப்பும். இருநூறு ஆண்டுக்கு மேற்பட்ட அந்த அலமாரியைச் சற்றே துழாவினால், 'வெறும் தகவல்' எப்படி உற்பத்தியாகிறது என்பது தெரிந்துவிடும்.

*

முதலில் சரித்திரம். வில்லியம் பாரெட் என்ற அறுவை வைத்தியர் பிரிஸ்டல் நகரின் சரித்திரத்தையும் தொன்மைகளையும் பல ஆண்டுகள் சேகரித்து 1789இல் தடித்த புத்தகமாக வெளியிட்டார். கனவான்கள் வீட்டுப் புத்தக அலமாரிக்கென்றே தயாரான நூல். அதன் பழங்காலப் பகுதிகளில் கணிசமானவை, அதே ஊரில் ஒரு பையன் எழுதிக் கொடுத்தவை. பையனின் பெயர் தாமஸ் சாட்டர்டன்.

சாட்டர்டனை நமக்குக் கவிதை வழியாகத்தான் தெரியும். கீட்ஸ் 1818இல் 'எண்டிமியன்' காவியத்தை அவன் நினைவுக்குச் சமர்ப்பித்தார். 1856இல் ஹென்றி வாலிஸ் தீட்டிய ஓவியத்தில், மச்சு அறைக் கட்டிலில் அவன் அழகாகச் செத்துக் கிடக்கிறான். 1770 ஆகஸ்டில், 18 வயது நிரம்புமுன், லண்டனில் ஆர்சனிக் விஷத்தால் இறந்தவன். ரொமாண்டிக்குகள் அவனைக் கவிதையின் தியாகியாக்கினார்கள். அந்தக் கண்ணீரில், அவன் செய்த காரியம் நம் பார்வையிலிருந்து மறைந்துவிட்டது. அவன் கவிதை மட்டும் எழுதவில்லை. ஓர் ஊருக்குத் தகவல் தயாரித்துக் கொடுத்தான்.

1768இல் பிரிஸ்டலில் புதிய பாலம் திறக்கப்பட்டபோது, பழைய பாலத்தின் மேல் மேயர் முதன்முதலாகச் சென்ற வைபவத்தின் வர்ணனை என்று ஒன்றை, பழஞ்சுவடியிலிருந்து எடுத்ததாகச் சொல்லி, உள்ளூர்ப் பத்திரிகைக்கு அனுப்பினான். அப்போது அவனுக்கு வயது 15. செயிண்ட் மேரி ரெட்கிளிஃப் தேவாலயத்தின் வடக்கு வாசல் மேலறையில் பெட்டிகளில் கேட்பாரற்றுக் கிடந்த தோல் ஆவணங்களில் பல அவன் வீட்டுக்கு வந்து சேர்ந்திருந்தன. அந்த எழுத்தைப் பழகிக்கொண்டு, 15ஆம் நூற்றாண்டில் தாமஸ் ரௌலி என்று ஒரு பாதிரியார் வாழ்ந்ததாகச் சிருஷ்டித்தான். பாரெட்டுக்கு ஆதாரம் தேவைப்பட்டது. ரௌலி எழுதி வைத்துவிட்டுப் போன ஆதாரங்கள் கிடைத்துக்கொண்டே இருந்தன. வெள்ளீயப் பாத்திரம் செய்துவந்த பர்கம் என்பவருக்கு நார்மன் பிரபுக்கள் வரை போகும் ஒரு வம்சாவளியே செய்து கொடுத்தான். கூலி 5 ஷில்லிங்.

ரௌலி கவிதைகளை 1777இல் பதிப்பித்த டிர்விட், அடுத்த வருஷமே அவை சாட்டர்டன் எழுதியவை என்று அறிவித்துவிட்டார். 1782க்குள் விவாதம் பெரும்பாலும் தீர்ந்துபோயிற்று. பாரெட் 1789இலும் அந்த ஆவணங்களை அச்சேற்றினார். பாவம், ஏமாந்துபோனார் என்று சொல்லி நகர்ந்துவிட முடியாது. அவர் விரும்பிய ஊரை அந்தப் பையன் அவருக்குக் கொடுத்தான். புராதனமான ஊர், பக்தியுள்ள வணிகர்கள், கப்பலில் வந்த பணத்தில் தேவாலயம் எழுப்பிய கொடை. வில்லியம் கானிங்ஸ் என்ற நிஜமான 15ஆம் நூற்றாண்டு வணிகரைக் கலைஞர்களின் புரவலராக, ஏறக்குறைய ஒரு மகானாக, சாட்டர்டன் ஆக்கிக்காட்டினான். பிரிஸ்டல் தன்னைப் பற்றிக் கேட்க ஆசைப்பட்ட கதை இதுதான் என்பதை 15 வயதில் கண்டுபிடித்ததில் இருக்கிறது அவன் மேதைமை. வணிகனை வள்ளலாகப் பார்க்கும் அந்த அச்சு அதற்குப் பிறகும் உடையவில்லை. அதற்குள் வேறு ஆட்களை ஊற்றினார்கள், அவ்வளவுதான்.

*

ஊற்றப்பட்டவர்களில் பெரியவர் எட்வர்ட் கோல்ஸ்டன். சாட்டர்டன் படித்த தர்மப் பள்ளிக்கூடம் இவர் 1710இல் தொடங்கியது. 1680 முதல் 1692 வரை ராயல் ஆப்பிரிக்கன் கம்பெனியில் இருந்தார். 1689-90இல் அதன் துணை ஆளுநர். அவர் காலத்தில் அந்தக் கம்பெனி அட்லாண்டிக்கைக் கடந்து கொண்டுபோன ஆப்பிரிக்கர்கள் சுமார் 84,000 பேர் என்றும், அவர்களில் சுமார் 19,000 பேர் கடலிலேயே செத்தார்கள் என்றும் கணக்கு. 1698இல் அந்தக் கம்பெனியின் ஏகபோகம் முடிந்தபின், 1807இல் அடிமை வியாபாரம் தடை செய்யப்படும்வரை, பிரிஸ்டலிலிருந்தே 2,100க்கு மேற்பட்ட அடிமைக் கப்பல் பயணங்கள் புறப்பட்டன. சுமார் 5 லட்சம் மனிதர்கள்.

இத்தனையும் அந்த ஊரில் கண்ணுக்குத் தெரியவில்லை என்பதுதான் நான் சொல்லவரும் விஷயத்தின் மையம். வியாபாரம் முக்கோணமாக நடந்தது. பிரிஸ்டலிலிருந்து துணியும் துப்பாக்கியும் பித்தளைச் சாமானும் ஏறின. அந்தப் பித்தளையில், ஆப்பிரிக்கக் கரையில் நாணயமாகச் செல்லுபடியான வளையங்களும் அடக்கம். திரும்பி வந்து இறங்கியவை சர்க்கரையும் புகையிலையும். முக்கோணத்தின் நடுப்பக்கம், மனிதச் சரக்கு ஏறி இறங்கிய பக்கம், கடலுக்கு அப்பால். ஊரார் பார்த்தது மாளிகைகளையும் பள்ளிக்கூடங்களையும் தர்ம விடுதிகளையும்தான். கையேடு என்பது 'பார்க்கவேண்டிய இடங்கள்' என்ற பிரமாணத்தின் மேல் எழுந்த இலக்கிய வடிவம். கண்ணில் படுவதே ஊர் என்பது அதன் மதம். குற்றத்தைக் கண்ணுக்கு எட்டாத தூரத்தில் செய்து, அதன் லாபத்தை மட்டும் கல்லாக மாற்றி ஊரில் நிறுத்திய ஒரு நாகரிகத்துக்கு இதைவிடத் தோதான வடிவம் கிடைக்குமா?

பார்க்க மறுத்தார்கள் என்றுகூடச் சொல்ல முடியாது. 1790களில் மாத்யூஸ் வெளியிட்ட பிரிஸ்டல் வழிகாட்டி அடிமை வியாபாரத்தைக் குறிப்பிடவே செய்கிறது. எப்படி? மனிதாபிமானம் மிக்க பிரிஸ்டல் வணிகர்களிடையே அந்த மோகம் தணிந்துவிட்டதாம். 1787இல் 30 கப்பல்கள்தான் போயினவாம். பணத்தாசை பிடித்த லிவர்பூல்காரர்கள் அநேகமாக அதை முழுக்கத் தங்களுடையதாக்கிக்கொண்டார்களாம். போட்டியில் தோற்றதைப் புண்ணியமாக எழுதுகிற இந்த ஜாலத்தை எந்த நாவலாசிரியன் செய்திருந்தாலும் நாம் அவனைக் கிழித்துப்போட்டிருப்போம். கையேடு செய்ததால் தகவல் ஆயிற்று.

அதே 1787இல் தாமஸ் கிளார்க்சன் பிரிஸ்டலுக்கு வந்தார். அவரும் ஒரு வழிகாட்டியைத் தேடிக்கொண்டார். 'செவன் ஸ்டார்ஸ்' மதுக்கடையை நடத்திய தாம்ப்சன் என்பவர் அவரை ராத்திரிகளில் மார்ஷ் தெருக் குடிக்கடைகளுக்கு அழைத்துப் போனார். மாலுமிகளைக் குடிக்கவைத்து, கடனில் மாட்டி, அடிமைக் கப்பல்களுக்கு ஆள் பிடிப்பதை அங்கே நேரில் பார்த்தார். மாலுமிகளிடம் விசாரித்துக் குறித்துக்கொண்டார். அவர் சேகரித்ததும் அதே நகரைப் பற்றிய தகவல்தான். எங்கே போய் நிற்பது, யாரைக் கேட்பது என்பதில் இருக்கிறது வித்தியாசம்.

*

பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஊரின் ஞாபகம் பெரிய தொழிலாயிற்று. ஏரோஸ்மித் என்ற பிரிஸ்டல் அச்சக அதிபர், 'படகில் மூவர்' என்று நாம் படித்துச் சிரித்த ஜெரோமின் நாவலை 1889இல் வெளியிட்டவர், 1884இல் பிரிஸ்டல் அகராதி என்று ஒன்றை அகரவரிசையில் கொண்டுவந்தார். 1906இல் அதற்கு இரண்டாம் பதிப்பு. இந்த இரண்டு பதிப்புகளுக்கும் இடையில், கோல்ஸ்டன் பேரால் தர்மம் செய்துவந்த சங்கம் ஒன்றின் தலைவராக, அவருக்குச் சிலை வைக்கவேண்டும் என்று முன்னின்றவரும் இதே ஏரோஸ்மித்தான். சிலைக்குக் கேட்ட பணம் மக்களிடமிருந்து எளிதில் சேரவில்லை. இருந்தும் 1895 நவம்பர் 13 அன்று, கோல்ஸ்டன் செத்து 174 ஆண்டுக்குப் பிறகு, ஜான் காஸிடி செய்த வெண்கலச் சிலை திறக்கப்பட்டது. நகரின் புண்ணிய சீலர், ஞானவான் என்று பீடத்தில் பொறித்தார்கள். பொறித்தவர்கள் பிரிஸ்டல் குடிமக்களாம். ஊரின் அகராதியை அச்சிட்டவரே ஊரின் சிலைக்கும் முன்னின்றார். அகராதி வேறு, சிலை வேறு என்று இனியும் நம்மிடம் யாராவது வாதாடுவார்களா?

உண்மை அப்போது தெரியாது என்ற சமாதானமும் செல்லாது. 18ஆம் நூற்றாண்டுப் பிரிஸ்டலின் ஆண்டுக் குறிப்புகளை ஜான் லாட்டிமர் 1893இலேயே வெளியிட்டிருந்தார். அடிமை வியாபாரச் செய்திகள் அதில் இருக்கின்றன. கோல்ஸ்டனுக்கு அடிமை வியாபாரத்தில் இருந்த பங்கை வெஸ்ட்பரி-ஆன்-டிரிம் பாதிரியார் எச். ஜே. வில்கின்ஸ் 1920இல் ஒரு முழுப் புத்தகத்தில் வெளிப்படுத்தினார். சிலை அதற்குப் பிறகு நூறு ஆண்டு நின்றது. 1977இல் பாதுகாக்கப்பட்ட சின்னங்களின் பட்டியலிலும் ஏறியது. உண்மை நூலகத்தில் இருந்தது. ஊர் சுற்றுகிறவன் பையில் இல்லை. எது தலைப்பில் வரவேண்டும், எது அடிக்குறிப்பில் ஒடுங்கவேண்டும் என்று தீர்மானிப்பவன் ஒரு பொய்கூடச் சொல்லாமல் ஒரு நகரத்தையே பொய்யாக்கிவிடலாம்.

பெவ்ஸ்னரிடம் வருவோம். இங்கிலாந்தின் கட்டடங்களை மாவட்டம் மாவட்டமாகப் பதிவு செய்த அவருடைய வரிசையில், வட சாமர்செட்டும் பிரிஸ்டலும் சேர்ந்த தொகுதி 1958இல் வந்தது. அவருடைய கச்சிதமும் உழைப்பும் நாம் பொறாமைப்படத்தக்கவை. தூண், வளைவு, கல், கட்டியவன், வருஷம் என்று பார்ப்பது அவர் முறை. ரூபத்தை மட்டும் பார்ப்பேன் என்கிற விமர்சனத்தை இலக்கியத்தில் நாம் நன்றாக அறிவோம். அதன் பலமும் தெரியும், அது எந்த இடத்தில் கண்ணை மூடிக்கொள்ளும் என்பதும் தெரியும். கல்லின் ரூபத்தைப் பற்றி எல்லாம் சொன்னபிறகும், இந்தக் கல்லுக்கு யார் விலை கொடுத்தது என்ற கேள்வி வாசலிலேயே நிற்கிறது.

ஊருக்கு வடக்கே ஹென்பரி தேவாலயத் தோட்டத்தில் ஒரு கல்லறை. 1720 டிசம்பரில் 18 வயதில் இறந்த, சிப்பியோ ஆப்பிரிக்கானஸ் என்று எஜமானர்கள் பெயர் சூட்டியிருந்த, சஃபோக் பிரபுவின் வேலைக்காரன். கல்லில் ஒரு செய்யுள் இருக்கிறது. அது 'நான்' என்று பேசுகிறது. அஞ்ஞானியாகவும் அடிமையாகவும் பிறந்தவன் கிறிஸ்தவனாக உறங்குவதற்கு நன்றி சொல்கிறது. செத்தவன் எழுதியிருக்க முடியாது. பிறர் எழுதி அவன் வாயில் வைத்தது. செத்துப்போன ஒருவன் பேரில் செய்யுள் கட்டியதற்காகச் சாட்டர்டனை மோசடிக்காரன் என்றார்கள். ரௌலி என்று ஒருவன் இருந்ததில்லை. அவன் வாயில் சொல் வைத்ததில் யாருக்கும் நஷ்டமில்லை. ஹென்பரியில் படுத்திருப்பவன் இருந்தான். அவனுடைய நிஜப் பெயர் கல்லிலும் இல்லை. அந்தச் செய்யுளுக்குப் புராதனச் சின்னம் என்ற அந்தஸ்து.

*

கையேடு மௌனமாக இருக்கும் இடத்தில் ஜனங்கள் மௌனமாக இருப்பதில்லை. பிரிஸ்டலில் பிளாக்பாய் ஹில், ஒயிட்லேடீஸ் ரோடு என்று அடுத்தடுத்து இரண்டு பெயர்கள். அடிமைச் சிறுவர்களை அங்கே விற்றார்கள் என்று ஊரில் சொல்வார்கள். உண்மையில் பழைய மதுவிடுதிகளின் பெயரால் வந்தவை. ரெட்கிளிஃப் குகைகளில் அடிமைகளைச் சங்கிலியில் கட்டி வைத்திருந்தார்கள் என்பார்கள். கண்ணாடித் தொழிலுக்கு மணல் தோண்டிய குகைகள் அவை. இந்தக் கதைகளைப் பாமரப் பிதற்றல் என்று அறிஞர்கள் திருத்துகிறார்கள். திருத்தம் சரிதான். ஆனால் கதைகள் ஏன் பிறந்தன? ஊரில் ஏதோ நடந்தது என்று ஜனங்களுக்குத் தெரிந்திருக்கிறது. அதைக் காட்ட ஒரு இடம் கொடுக்கப்படவில்லை. கடலுக்கு அப்பால் நடந்ததை அவர்கள் கைக்கெட்டிய குகையில் கொண்டுவந்து வைத்தார்கள். விவரம் தப்பு, சந்தேகம் நியாயம். தலைமுறை தலைமுறையாகச் சேர்த்துவைத்த மௌனத்துக்கு ஊர் கட்டிய வட்டி இந்தக் கதைகள்.

2018இல் சிலைக்குப் பக்கத்தில் உண்மையைச் சொல்லும் ஒரு பலகை வைக்க ஏற்பாடாயிற்று. மூன்று வாசகங்கள் எழுதப்பட்டன. வணிகர் சங்கத்தின் ஆதரவோடு திருத்தப்பட்ட மூன்றாவது வாசகத்தில் கோல்ஸ்டன் முதலில் மாபெரும் கொடையாளி; பள்ளி, மருத்துவமனை, தர்ம விடுதி எல்லாம் வரிசையாக வந்தபின், அடிமைகளை ஏற்றிச் சென்றதில் அவருக்குப் பங்கு'ம்' உண்டு. 84,000 மனிதர்கள் ஓர் 'உம்'மைக்குள் அடங்கிப்போனார்கள். வெண்கலத்தில் வார்த்தும் ஆயிற்று. 2019 மார்ச்சில் நகர மேயர் மார்வின் ரீஸ் அதை வைக்கக்கூடாதென்று நிறுத்தினார். ஒரு வாக்கியத்தை நேர்மையாக எழுத ஒரு நகரத்துக்கு முடியவில்லை. 2020 ஜூன் 7 அன்று ஜனங்கள் கயிற்றைக் கட்டி இழுத்தார்கள்; சிலை துறைமுகத் தண்ணீரில் விழுந்தது. இப்போது பெயிண்ட் கறையோடு 'எம் ஷெட்' அருங்காட்சியகத்தில் படுத்துக் கிடக்கிறது. சிலையை உடைத்தது காட்டுமிராண்டித்தனம் என்று அலறியவர்கள், வாக்கியத்தை உடைத்தவர்களைப் பற்றி அலறவில்லை.

அதே 2020 செப்டம்பரில் நேஷனல் டிரஸ்ட் தன் பராமரிப்பில் இருக்கும் 93 இடங்களுக்குக் காலனி ஆட்சியோடும் அடிமை முறையோடும் இருந்த தொடர்பை ஓர் அறிக்கையாக வெளியிட்டது. பிரிஸ்டலுக்குக் கிழக்கே, காலனி வருவாயைக் கணக்குப் பார்த்த வில்லியம் பிளாத்வெய்ட் கட்டிய டிரம் மாளிகையும் அதில் உண்டு. மண்டியிட்ட கறுப்பு மனிதர்களின் உருவத்தைத் தாங்கு பலகையாகச் செய்து வைத்திருந்த வீடு அது. உடனே எம்.பி.க்களும் பத்திரிகைகளும் கொதித்தார்கள். அரசியல் நுழைந்துவிட்டதாம். அந்த உருவங்கள் 300 ஆண்டுகள் மண்டியிட்டிருந்தது அரசியல் இல்லை; அவை மண்டியிட்டிருக்கின்றன என்று சொன்னது அரசியல்.

*

ஒரு ஆட்சேபத்துக்குப் பதில் சொல்லவேண்டும். கையேடு என்ன நீதி போதனைப் புத்தகமா, பக்கத்துக்குப் பக்கம் மன்னிப்புக் கேட்கச் சொல்கிறாயா என்று கேட்பார்கள். இல்லை. போதனை எனக்கும் வேண்டாம். பிரிஸ்டல் பற்றிய நூல்களிலேயே மிகக் கடுமையானது எது என்று என்னைக் கேட்டால், டேவிட் ரிச்சர்ட்ஸன் 1986 முதல் 1996 வரை நான்கு தொகுதிகளாகப் பதிப்பித்த, பிரிஸ்டல் அடிமைக் கப்பல் பயணங்களின் பட்டியலைச் சொல்வேன். கப்பலின் பெயர், சொந்தக்காரர், தலைவன், போன இடம், எண்ணிக்கை. ஒரு பெயரடைகூடத் தேவைப்படவில்லை. வறண்ட பட்டியல்தான். ஆனால் அதில் ஒவ்வொரு வினைக்கும் எழுவாய் இருக்கிறது.

நான் கேட்பது இந்த இலக்கண சுத்தத்தை மட்டும்தான். கிரேட் ஜார்ஜ் தெரு 7ஆம் எண் வீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். இன்று அது 'ஜார்ஜியன் ஹவுஸ்' அருங்காட்சியகம். வணிகர் ஜான் பின்னிக்காக 1790 வாக்கில் கட்டப்பட்டது என்று எழுதினால் அது பிழையற்ற வாக்கியம். நெவிஸ் தீவில் தன் கரும்புத் தோட்டத்தில் அடிமைகளை வேலை வாங்கிய ஜான் பின்னி, 1765இல் 12 வயதுப் பெரோவை அவனுடைய இரண்டு தங்கைகளோடு விலைக்கு வாங்கினார். 1783இல் அவனைப் பிரிஸ்டலுக்குக் கொண்டுவந்தார். இந்த வீட்டில் அவன் வேலை செய்தான். 1798இல் இறந்தான் என்று எழுதினால் அதுவும் பிழையற்றதுதான். இரண்டாவது வாக்கியத்தில் போதனை எங்கே இருக்கிறது? முதல் வாக்கியத்தில் தோன்றா எழுவாயாக இருந்தவர்கள் இரண்டாவதில் தோன்றிவிட்டார்கள். 1999இல் துறைமுகத்தின் குறுக்கே ஒரு நடைபாலத்துக்குப் பெரோவின் பெயர் வைத்தார்கள். 1768இல் ஒரு பாலத்துக்குப் பொய்யான தொன்மை எழுதித் தொடங்கிய ஊர், ஒரு பாலத்துக்கு நிஜமான பெயரை வைக்க 231 ஆண்டு எடுத்துக்கொண்டது.

வெள்ளைக்காரன் ஊர்க் கதை நமக்கெதற்கு என்பவர்களுக்கு ஒன்று. நம்மவர்கள் பிரிஸ்டலுக்குப் போனால் ஆர்னோஸ் வேல் மயானத்தில் ராம் மோகன் ராயின் சமாதியைத் தேடிப் போகிறார்கள். துவாரகாநாத் தாகூர் எழுப்பியது. போகட்டும், போகவேண்டியதுதான். ராய் அந்த ஊரில் இறந்தது 1833 செப்டம்பர் 27. அதற்குச் சரியாக 30 நாள் முன்புதான் அடிமை ஒழிப்புச் சட்டத்துக்கு அரச ஒப்புதல் கிடைத்திருந்தது. அந்தச் சட்டம் 2 கோடி பவுன் நஷ்டஈடு ஒதுக்கியது, அடிமைகளுக்கு அல்ல, எஜமானர்களுக்கு. சமாதிக்குப் போய்ப் படமெடுத்துக்கொண்டு திரும்பும் நாமும், கண்ணில் படுவதே ஊர் என்ற அந்த மதத்துக்குக் காணிக்கை செலுத்திவிட்டுத்தான் வருகிறோம்.

சாட்டர்டன் இல்லாத பாதிரியின் பெயரில் பொய்யை எழுதினான். பொய் என்று தெரிந்து எழுதினான். 5 ஷில்லிங் வாங்கினான். 17 வயதில் செத்தான். கையேட்டு ஆசிரியர்கள் யார் பெயரிலும் இல்லாமல் உண்மையை மட்டுமே எழுதினார்கள். அந்த உண்மைகளுக்கு இடையே 5 லட்சம் பேர் தாராளமாக மறைந்துகொள்ள இடமிருந்தது. இருவரில் யாரை மோசடிக்காரன் என்பது என்று இலக்கிய விமர்சகன் சொல்லாவிட்டால் வேறு யார் சொல்வது?